ஓய்வு மாதத்துச் சம்பளம்

பிப்ரவரி 3

அன்புள்ள தம்பிக்கு,

அண்ணி எழுதுவது. நானும் மகள் வாலுவும் நலம் என்று எழுதத்தான் கை போகிறது, பழக்கதோஷம். உடம்புக்கு ஒன்றும் இல்லை, அவ்வளவுதான் சொல்ல முடியும். நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா, தூங்குகிறாயா என்று மறைக்காமல் எழுது.

போனில் பேசலாம்தான். ஆனால் நடுக்கடலில் உங்கள் எண்ணெய் ரிக்கில் ஆளுக்கு ஐந்து நிமிடம், பின்னால் வரிசை வேறு. நாம் இரண்டு பேரும் அழுது முடிக்கவே அது போதவில்லை. அதனால் இனி எழுதுகிறேன். கம்பெனிப் படகில் எப்போது வந்து சேருமோ சேரட்டும்.

உன் அண்ணன் போய் மூன்று வாரம் ஆகிறது. நீ வரவில்லை என்று குறை சொன்ன ஒன்றிரண்டு பேருக்கு நானே பதில் சொல்லிவிட்டேன். "அண்ணன் தம்பி ரெண்டு பேருக்கும் ஒரே கிரேன், ஒரே வேலை. ஒரு மாசம் இவர் கடல்ல இருந்தா அவன் வீட்டுல, அவன் கடல்ல இருந்தா இவர் வீட்டுல. இவர் போய் ஏறினாத்தான் அவன் இறங்க முடியும். இப்ப யார் போய் ஏறுறது?" என்றேன். உங்கள் பெரியப்பா எழுந்து செருப்பை மாட்டிக்கொண்டார்.

எப்படி நடந்தது என்று கேட்டாய். மதியம் தூங்கி எழுந்தார். "டீ போடு, முகம் கழுவிட்டு வரேன்" என்றார். போட்டேன். ஆறிப்போயும் வரவில்லை. போய்ப் பார்த்தேன். இதற்கு மேல் இப்போது எழுத வேண்டாம்.

நேற்று கம்பெனியிலிருந்து சம்பளச் சீட்டு வந்தது. அவர் வீட்டில் இருந்த மாதத்துச் சம்பளத்திலும் ரிக் இருக்கிற அந்த நாட்டு வருமான வரியைப் பிடித்திருக்கிறார்கள். கடலில் வேலை செய்த மாதத்துக்குப் பிடித்தால் நியாயம். வீட்டில் படுத்திருந்த மனுஷனுக்கு எதற்கு வரி? அவர் இருந்தவரை இந்தச் சீட்டை நான் கையால் தொட்டதில்லை. அங்கே விசாரித்து எழுது.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அண்ணி


பிப்ரவரி 20

அன்புள்ள அண்ணிக்கு,

தம்பி வணக்கத்துடன் எழுதுவது. உங்களுக்கும் வாலுவுக்கும் உடம்பு நன்றாக இருக்க வேண்டும். நான் சாப்பிடுகிறேன். தூக்கம்தான் வருவேனா என்கிறது.

இந்தக் கட்டிலில் ஒன்பது வருஷமாக அவரும் நானும் மாறி மாறிப் படுத்திருக்கிறோம். ஒரே மெத்தை, ஒரே லாக்கர். பக்கத்தில் உட்கார்ந்து பேசியதெல்லாம் படகுத்துறையில்தான். அவர் இறங்குவார், நான் ஏறுவேன், நடுவில் அரை மணி நேரம். "உன் கல்யாணத்துக்கு உங்க அண்ணன் வந்தா மாப்பிள்ளை வர முடியாது" என்று இங்கே எல்லோரும் கிண்டல் செய்வார்கள். இப்போது யாரும் கிண்டல் செய்வதில்லை. என்னைப் பார்த்தால் குரலைத் தாழ்த்திக்கொள்கிறார்கள். அதுதான் தாங்கவில்லை.

மாற்று ஆள் இன்னும் கிடைக்கவில்லை. ஒருவன் வந்தான், அவனிடம் கிரேன் சான்றிதழ் இல்லை என்று அதே படகில் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

வரி விஷயத்தை டைம் கீப்பரிடம் கேட்டேன். வெளிநாட்டு ஆட்கள் எல்லோருக்கும் இதுதான் விதியாம். ஓய்வுக்கு முன்னால் இங்கே வேலை, ஓய்வு முடிந்து மறுபடி இங்கே வேலை என்றால் நடுவில் உள்ள ஓய்வும் வேலையோடு சேர்த்தி. "நீ வீட்டுல போய்த் தூங்குறதே இங்க வந்து முழிச்சிருக்கத்தானே" என்றான். ஆனால் ஓய்வுக்குப் போனவன் இனித் திரும்புவதில்லை என்று வேலையை விட்டிருந்தால், அந்தக் கடைசி ஓய்வு வேலையில் சேராது. வரி கிடையாது, பிடித்ததைத் திருப்பிக் கேட்கலாம். அண்ணன் விஷயம் எதில் சேரும் என்று அவனுக்கே தெரியவில்லை. "வரமாட்டேன்னு முடிவு பண்ணினவர்னா ஒண்ணு, வர இருந்தவர் இறந்துட்டார்னா வேற" என்று தலையைச் சொறிந்தான்.

வேறு என்ன எழுதுவது என்று தெரியவில்லை. வாலுவைப் படிக்கச் சொல்லுங்கள்.

உங்கள் தம்பி


மார்ச் 5

அன்புள்ள தம்பிக்கு,

அண்ணியின் ஆசிகள். இங்கே இருவரும் சுகம். வாலு மூன்றாம் வகுப்புக் கணக்கில் முட்டிக்கொண்டிருக்கிறாள். நீ தூங்காமல் கிரேனில் ஏறாதே.

உன் கடிதத்தைப் படித்ததும் முதலில் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவர் வந்தால் முதல் வாரம் முழுக்கப் பகலில் தூங்குவார், இரவு வேலை பார்த்த உடம்பு. வாலு செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு பூனை மாதிரி நடப்பாள். குக்கர் விசில் அடித்தால் நான் ஓடிப்போய் அடுப்பை அணைப்பேன். கடைசி வாரம் வந்தால் பேச்சைக் குறைத்துக்கொள்வார், கண் எங்கேயோ போய்விடும். நடுவில் இருக்கிற இரண்டு வாரம்தான் எனக்குப் புருஷன், அவளுக்கு அப்பா. அதையும் வேலைக் கணக்கில் எழுதிக்கொண்டால் இத்தனை வருஷமாக நான் யாரோடு குடித்தனம் நடத்தினேன் என்று கேட்கத் தோன்றியது.

மறுபடி படித்தபோதுதான் உறைத்தது, அந்த விதி எனக்குச் சாதகம். ஏனென்றால் உன் அண்ணன் இந்தத் தடவை வந்து பையை இறக்கி வைத்த கையோடு சொன்னார்: "இனிமே நான் போகல. இங்கயே இருக்கப் போறேன்." என் காதால் கேட்டது.

நம் தெரு ஆடிட்டரிடம் சொன்னேன். "அப்படின்னா அதையே எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கம்மா" என்றார். நேற்றே கம்பெனிக்கு அனுப்பிவிட்டேன். பணம் பெரிதில்லை, தம்பி. அந்த மாதம் அவர் எங்களோடு இருக்க வந்தார், அடுத்த வேலைக்கு உடம்பைத் தேற்றிக்கொள்ள வரவில்லை என்று அந்த நாட்டு சர்க்கார் ஒத்துக்கொள்ள வேண்டும். எனக்கு அது வேண்டும்.

வேலையை ஒப்படைத்துவிட்டுப் போனார் என்று நீயும் ஒரு வரி எழுதிக்கொடு. உன்னிடம் படகுத்துறையில் சொல்லாமலா இருந்திருப்பார்?

அண்ணி


மார்ச் 7

அன்புள்ள அண்ணிக்கு,

வணக்கம். நான் சுகம். உங்கள் பதில் இன்னும் வரவில்லை. இங்கே போன் பழுது, அதனால் அவசரமாக எழுதுகிறேன்.

டைம் கீப்பர் நேற்று கூப்பிட்டு இன்னொன்று சொன்னான். வேலையில் இருக்கும்போது இறந்தவரின் குடும்பத்துக்குக் கம்பெனி ஒரு தொகை தரும், இரண்டு வருஷச் சம்பளம். ஓய்வில் வீட்டில் இறந்தாலும் உண்டு, அவர் திரும்பி வர வேண்டியவராக இருந்தால். வேலையை விட்டுவிட்டவர் என்றால் சல்லிக்காசு கிடையாது.

அதனால் வரியைத் திருப்பிக் கேட்டு எதுவும் எழுதி அனுப்பிவிடாதீர்கள், அண்ணி. ஒரு மாத வரி போனால் போகட்டும். ஆடிட்டர் கேட்டாலும் கையெழுத்துப் போடாதீர்கள். வாலுவின் படிப்பு முழுக்க இதில் இருக்கிறது.

உங்கள் தம்பி


ஏப்ரல் 3

அன்புள்ள தம்பிக்கு,

உடம்பு எப்படி இருக்கிறது? இங்கே எனக்கு நாலு நாளாகக் காய்ச்சல், இப்போது தேவலை. வாலுதான் கஞ்சி வைத்துக் கொடுத்தாள், அடிபிடித்த கஞ்சி.

உன் கடிதம் வந்தபோது என் காகிதம் கம்பெனிக்குப் போய்ச் சேர்ந்துவிட்டிருந்தது. அவசரக்காரி என்று உன் அண்ணன் என்னைச் சொல்வது சும்மா இல்லை.

கம்பெனியிலிருந்து பதில் வந்துவிட்டது. 'உங்கள் கணவர் பணியைவிட்டு விலகியதாக நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் அவரது கடைசி மாதத்துக்கு வரி இல்லை, இறப்புத் தொகையும் இல்லை. திரும்ப இருந்தார் என்றால் இரண்டும் உண்டு. எது சரி என்பதை உடன் பணியாற்றிய சகோதரரின் வாக்குமூலத்துடன் தெரிவிக்கவும்.' ரொம்ப மரியாதையாகத்தான் எழுதியிருக்கிறார்கள்.

ஆடிட்டர் கையைப் பிசைகிறார். "இப்படி ஒரு கொக்கி இருக்கும்னு எனக்குத் தோணலையேம்மா" என்கிறார். அவரைச் சொல்லி என்ன? வாலுவுக்கு வர வேண்டியதை என் கையாலேயே தட்டிவிட்டேன்.

நான் உன்னை ஒன்றுதான் கேட்கிறேன். பொய் சொல்லி எனக்கு அந்தப் பணம் வேண்டாம். படகுத்துறையில் அவர் உன்னிடம் என்ன சொன்னார்? போகமாட்டேன் என்றாரா, வருவேன் என்றாரா? அதை உள்ளபடி எழுது. போகமாட்டேன் என்று சொல்லியிருந்தால் என் காகிதம் அப்படியே இருக்கட்டும். எப்படியோ பிழைத்துக்கொள்வோம், எனக்குத் தையல் தெரியும்.

உன் பதிலுக்குக் காத்திருக்கிறேன்.

அண்ணி


மே 12

அன்புள்ள அண்ணிக்கு,

வணக்கம். காய்ச்சல் முழுக்கப் போய்விட்டதா? பதில் எழுதத் தாமதமாகிவிட்டது. காற்று அதிகம், படகு சரியாக வரவில்லை.

நீங்கள் கேட்டதற்குப் பதில். அண்ணன் திரும்பி வருவதாகத்தான் இருந்தார். அவருடைய பூட்ஸ், போர்வை, காதுக்கு மாட்டுகிற மூடி எல்லாம் இங்கே லாக்கரில் இருக்கின்றன. விட்டுவிட்டுப் போகிறவர் அதையெல்லாம் வைத்துவிட்டுப் போவாரா? "அடுத்த மாசம் பாக்கலாம்டா" என்றுதான் படகுத்துறையில் சொன்னார். வேறு ஒன்றும் சொல்லவில்லை.

இதையே கம்பெனிக்கும் எழுதிக் கொடுத்துவிட்டேன். லாக்கரை வந்து பார்த்துப் படம் எடுத்துக்கொண்டு போனார்கள். நீங்களும் அப்படியே எழுதிக் கொடுத்துவிடுங்கள்.

வாலுவைக் கேட்டதாகச் சொல்லுங்கள்.

உங்கள் தம்பி


மே 27

அன்புள்ள தம்பிக்கு,

நலம். நீயும் நலமாக இரு.

எழுதிக் கொடுத்துவிட்டேன். கம்பெனி ஏஜென்ட் ஆபீஸுக்கு வரச் சொன்னார்கள். ஒரு மேஜை, ஒரு ஃபேன், சுவரில் விமானக் கம்பெனி காலண்டர். கிளார்க் பையன் நல்ல மாதிரி. 'ஓய்வை முடித்துக்கொண்டு பணிக்குத் திரும்ப இருந்தார்' என்று டைப் அடித்து வைத்திருந்தான். "முடிச்சுக்கிட்டுன்னு போடாதீங்க, அவர் முடிக்கல" என்றேன். மாற்றி அடித்துக் கொடுத்தான். கையெழுத்துப் போட்டேன். முதல் காகிதத்தில் நான் போட்டதோடு பொருந்தவில்லை என்று மறுபடி ஒன்று போடச் சொன்னான்.

உனக்கு ஒன்று தெரியாது, சொல்கிறேன். "இனிமே போகல" என்பது புதுப் பேச்சு இல்லை. கல்யாணமாகி வந்த முதல் ஓய்விலிருந்து ஒவ்வொரு தடவையும் வந்த அன்றைக்கு அதைச் சொல்வார். நானும் "சரி" என்பேன். கிளம்பும் நாள் வந்தால் வாயைத் திறக்காமல் சட்டையை மாட்டிக்கொள்வார். நானும் ஒன்றும் கேட்காமல் சாப்பாடு கட்டிக் கொடுப்பேன். எங்களுக்குள் அது ஒரு விளையாட்டு மாதிரி ஆகிவிட்டது, வலிக்கிற விளையாட்டு.

இந்தத் தடவை நான் "சரி" என்று சொல்லவில்லை. சிரித்துவிட்டேன். "போன தடவையும் இதே வசனம்தான், புதுசா ஏதாவது சொல்லுங்க" என்றேன். அவர் என்னைப் பார்த்தார், துண்டை எடுத்துக்கொண்டு குளிக்கப் போய்விட்டார்.

இதெல்லாம் தெரிந்துதான் ஆடிட்டரிடம் அப்படி எழுதிக் கொடுத்தேன். இந்த ஒரு தடவையாவது அது நிஜமாக இருந்திருக்கட்டும் என்று எனக்கு ஆசை. செத்தவர் வந்து இல்லை என்றா சொல்லப்போகிறார் என்று நினைத்தேன். நீ உள்ளபடி எழுதிவிட்டாய். உன் மேல் கோபம் இல்லை, நான்தானே கேட்டேன். ஆனால் அந்தக் கடிதத்தைப் படித்த அன்றைக்கு அவர் மறுபடி ஒரு முறை செத்தார்.

அண்ணி


ஜூன் 14

அன்புள்ள அண்ணிக்கு,

வணக்கம். உங்கள் கடிதம் கிடைத்தது. நீங்கள் செய்தது சரி. வாலுவுக்காகச் செய்தீர்கள்.

இங்கே வெயில் அதிகம். நான் சுகம்.

உங்கள் தம்பி


ஜூலை 6

அன்புள்ள தம்பிக்கு,

இரண்டு பேரும் சுகம். உன் கடிதம் தந்தி மாதிரி இருந்தது.

பணம் வந்துவிட்டது. வாலு பெயரில் போட்டுவிட்டேன். கூடவே அந்த மாதத்துச் சம்பளச் சீட்டும் திருத்தி வந்தது, வரி பிடித்தது பிடித்தபடியே. இனிக் கேட்க ஒன்றும் இல்லை. அவர் வீட்டில் இருந்த கடைசி நாட்களும் அவர்கள் கணக்கில் வேலை நாட்கள்தான். நானே ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டிருக்கிறேன்.

எனக்கு அவர் மேல் கோபம் வருகிறது, தம்பி. செத்தவர் மேல் கோபப்படக் கூடாது என்கிறார்கள். எதிர் வீட்டு அக்கா ஆறுதலாக, "அவருக்கு உங்க மேல உசுரு" என்றாள். "உசுருதான், ஒவ்வொரு தடவையும் அதைத்தான் படகுல ஏத்தி அனுப்பினேன்" என்று வெடுக்கென்று சொல்லிவிட்டேன். பாவம், அவள் முகம் சின்னதாகிவிட்டது. அவர் படத்துக்கு முன்னால் நின்றால் அழுகைக்கு முன்னால் ஒரு கேள்விதான் வருகிறது: போகிறவர் எதற்கு அப்படிச் சொன்னீர்கள்? கட்டிக்கொண்டு பத்து வருஷம் ஆனவளிடம் கடைசியாகச் சொன்னதும் பொய்தானா?

இன்னொன்று. ஏஜென்ட் ஆபீஸ் பையன் சொன்னான், உனக்கு மாற்று ஆள் மே மாதமே வந்துவிட்டானாம், நீதான் இறங்கவில்லையாம். நிஜமா? எங்களைப் பார்க்கப் பிடிக்கவில்லையா? நான் ஏதாவது தப்பாக எழுதியிருந்தால் மனதில் வைத்துக்கொள்ளாதே. வீட்டில் ஒரு ஆம்பளைச் சத்தம் கேட்டு ஆறு மாதம் ஆகிறது.

வா.

அண்ணி


ஜூலை 22

அன்புள்ள அண்ணிக்கு,

தம்பி வணக்கத்துடன். இதைப் படித்ததும் கிழித்துவிடுங்கள். பணம் கைக்கு வரட்டும் என்றுதான் இத்தனை நாள் வாயைக் கட்டிக்கொண்டிருந்தேன். மாற்று ஆள் வந்தது நிஜம். இறங்கினால் உங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டு அதே பொய்யைச் சொல்ல வேண்டும். அதற்குப் பயந்து அந்த ஆளை இரவு வேலைக்குப் போடச் சொல்லிவிட்டு நான் இங்கேயே கிடந்தேன்.

அண்ணன் திரும்பி வருவதாக இல்லை, அண்ணி. இந்தத் தடவை நிஜம்.

படகுத்துறையில் இறங்கினதும் லாக்கர் சாவியை என் கையில் கொடுத்தார். "பூட்ஸு, போர்வை எல்லாம் நீயே வச்சுக்கடா. நான் வரல" என்றார். முதலில் நான் நம்பவில்லை, முகத்தைப் பார்த்ததும் நம்பினேன். கம்பெனிக்குச் சொல்லிவிட்டாயா என்று கேட்டேன். "இப்பவே சொன்னா ஓய்வு மாசச் சம்பளத்தை நிறுத்திடுவான். கிளம்புறதுக்கு முந்தின நாள் சொல்லிக்கலாம்" என்றார். அதனால்தான் எந்தக் காகிதத்திலும் அது இல்லை. அந்தச் சாமான்களைத்தான் கம்பெனிக்காரர்கள் படம் எடுத்துக்கொண்டு போனார்கள்.

நீங்கள் உள்ளபடி எழுது என்றபோது நாலு வாரம் நான் பேனாவைத் தொடவில்லை. நிஜத்தை எழுதினால் வாலுவின் படிப்பு போகும். பொய்யை எழுதினால் உங்களிடமிருந்து அவர் போவார். அண்ணன் இருந்தால் எதைச் செய்யச் சொல்வார் என்று யோசித்து, பிள்ளை பக்கம் போனேன். நீங்கள் அழுவீர்கள் என்று தெரியும், இப்படி உடைவீர்கள் என்று தெரியவில்லை. முதல் ஓய்விலிருந்தே அவர் அப்படிச் சொல்லிக்கொண்டிருந்தது எனக்கு உங்கள் கடிதத்தில்தான் தெரியும். அதைப் படித்த பிறகுதான் அவர் கடைசியாகச் சொன்னதும் புரிந்தது.

படகு கிளம்ப மணி அடித்துவிட்டார்கள். "அண்ணிகிட்ட இப்பவாவது தெளிவாச் சொல்லிடு" என்றேன். சிரித்தார். "சொல்லுவேன். ஆனா அவ நம்பமாட்டாடா. எத்தனை தடவை சொல்லியாச்சு. அதனால அதைப் பத்தி அதிகம் பேசப் போறதில்ல. கிளம்புற நாள் வரும்ல, அன்னிக்கு நான் கிளம்பாம உக்காந்திருப்பேன். அப்ப நம்புவா" என்றார்.

அந்த நாளுக்கு ஒன்பது நாள் இருக்கும்போதுதான் நீங்கள் டீ போட்டீர்கள்.

என்னை மன்னித்துவிடுங்கள். அடுத்த படகில் இறங்குகிறேன்.

உங்கள் தம்பி


ஆகஸ்ட் 8

அன்புள்ள தம்பிக்கு,

இதைத் துறைமுக விலாசத்துக்கு அனுப்புகிறேன், நீ இறங்கும்போது கையில் கிடைக்கட்டும். உன் உடம்பு நலமாக இருக்க வேண்டும். நீ மன்னிப்புக் கேட்க ஒன்றும் இல்லை, நீ எனக்கு இன்னொரு பிள்ளை.

கிழிக்கச் சொன்னாய். என்னால் முடியவில்லை. அரிசி டப்பாவுக்கு அடியில் இருக்கிறது, நீ வந்து கிழி.

உன் கடிதத்தைப் படித்த அன்று வாலு பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் மடியில் உட்காரவைத்துச் சொன்னேன், "அப்பா இந்தத் தடவை திரும்பிப் போறதா இல்லையாம்டி, இங்கயே இருக்கத்தான் வந்தாராம்." அவள் சாக்ஸைக் கழற்றிக்கொண்டே, "தெரியுமே, என்கிட்ட சொன்னாரே. தினமும் ஸ்கூல்ல கொண்டுவந்து விடறேன்னாரு" என்றாள்.

"நீ நம்பினியா?" என்று கேட்டேன்.

"அப்பாதானே சொன்னாரு, நம்பாம?" என்றாள்.

அவர் சொன்னதை நீ நம்பியிருக்கிறாய், அவள் நம்பியிருக்கிறாள். சிரித்தவள் நான் ஒருத்திதான்.

சீக்கிரம் வா, தம்பி.

அண்ணி